காது முளைத்த வீடு (செக் சினிமாவின் கதை – 14)

1970 ஏப்ரல். செக்கோஸ்லோவாகியத் தொலைக்காட்சியில் ஒரு நிகழ்ச்சி ஒளிபரப்பானது. தலைப்பு: ‘சேன் நதிக்கரையிலிருந்து ஒரு சாட்சியம்’. சேன் என்பது பாரிஸ் நகரத்து ஆறு. நாட்டைவிட்டு வெளியேறிய பவெல் திக்ரித் அங்கிருந்து ‘சாட்சியம்’ என்ற பத்திரிகை நடத்திக்கொண்டிருந்தார். அந்த எதிரிப் பத்திரிகையோடு உள்ளூர் ஆட்களை முடிச்சுப் போடத்தான் இப்படி ஒரு தலைப்பு.

நிகழ்ச்சியின் சாரமே ஒரு ஒலிப்பதிவுதான். ஒரு வீட்டில் இரண்டு பேர் உட்கார்ந்து பேசிக்கொண்டிருக்கிறார்கள். ஒருவர் வாட்ஸ்லாவ் செர்னி, சார்லஸ் பல்கலைக்கழகத்து இலக்கியப் பேராசிரியர். மற்றவர் யான் ப்ரொகாஸ்கா, திரைக்கதை ஆசிரியர். பேச்சு பதிவாகிறது என்று இருவருக்கும் தெரியாது. நம்பிக்கையான ஆளோடு வீட்டில் உட்கார்ந்தால் நாமெல்லாம் எப்படிப் பேசுவோமோ அப்படித்தான் ப்ரொகாஸ்காவும் பேசினார். தலைவர்களைக் கிண்டலடித்தார். நேரில் சொல்லத் தயங்குவதை நண்பர்களைப் பற்றிச் சொன்னார். இடையிடையே கெட்ட வார்த்தையும் வந்து விழுந்தது. ரகசியப் போலீஸ் அதையெல்லாம் வெட்டி ஒட்டி ஊருக்கே போட்டுக் காட்டியது.

அதே சமயத்தில் ப்ரொகாஸ்கா எழுதிய ஒரு படம் எடுத்து முடிந்து, திரைக்கு வராமல் பெட்டிக்குள் கிடந்தது. பெயர் ‘உஹோ’. செக் மொழியில் காது என்று பொருள். ஆட்சியில் உயர்ந்த பதவியில் இருக்கும் ஒருவரின் வீட்டுக்குள் ஒட்டுக்கேட்கும் கருவி இருப்பதுதான் கதை.

இப்படி ஒரு திருப்பத்தை ப்ரொகாஸ்காவே எழுதிக்கொண்டு போயிருந்தால், ‘ரொம்ப சினிமாத்தனமா இருக்கே’ என்று கதை இலாகாவில் அடித்துவிட்டிருப்பார்கள்.

அந்தக் கதை இலாகாவைப் பற்றித்தான் சென்ற அத்தியாயத்தில் பார்த்தோம். 1945 ஆகஸ்டில் சினிமா அரசுடைமை ஆனபின் செக் நாட்டில் தயாரிப்பாளர் என்று யாரும் கிடையாது. பணம் அரசாங்கத்தினுடையது. பிராக் நகரத்தின் தெற்கே குன்றின் மேல் இருக்கும் பர்ரான்டோவ் ஸ்டூடியோவில் ‘படைப்புக் குழு’ என்ற பெயரில் சிறு சிறு அணிகள் இருந்தன. கதையைத் தேர்ந்தெடுப்பது, எழுத வைப்பது, மேலிடத்தில் அனுமதி வாங்குவது எல்லாம் அவற்றின் பொறுப்பு. எழுத்தாளர் முதலில் கருவைச் சொல்வார். பிறகு அதைப் ‘படக்கதை’யாக, ஏறக்குறைய ஒரு குறுநாவல் போலவே எழுதித் தருவார். அதன் பின்தான் திரைக்கதை, அதற்கும் பின்னால் ஷாட் பிரித்த எழுத்து. ஒவ்வொரு படியிலும் யாராவது ஒருவர் பேனாவோடு காத்திருப்பார். அறுபதுகளில் இந்தக் குழுக்களில் ஒன்று எரிக் ஷ்வாபிக், யான் ப்ரொகாஸ்கா என்ற இருவரின் பெயரில் இயங்கியது.

ப்ரொகாஸ்கா 1929 பிப்ரவரி 4 அன்று மொராவியாவில், ப்ர்னோ நகருக்கு அருகில் இவான்சிட்சே என்ற சிற்றூரில் பிறந்தார். விவசாயக் குடும்பம். படித்ததும் விவசாயம். கம்யூனிஸ்டுகள் ஆட்சிக்கு வந்தபோது பத்தொன்பது வயது. அந்த வயதுக்கே உரிய வேகத்தோடு அதில் குதித்தார். இளைஞர்கள் நடத்திய அரசுப் பண்ணை ஒன்றுக்குப் பொறுப்பாளர் ஆனார். பிறகு பிராகில் இளைஞர் சங்கத் தலைமையகத்தில் வேலை. அங்கிருந்து 1959-இல் பர்ரான்டோவ். பண்ணை அனுபவத்தை வைத்து அவர் எழுதிய ‘பசுமைத் தொடுவானம்’ நாவல் 1962-இல் படமாகவும் வந்தது.

இந்த வாழ்க்கைக் குறிப்பில் கலகக்காரன் எங்கே இருக்கிறான் என்று தேடினால் கிடைக்க மாட்டான். இவர் அந்த வீட்டுப் பிள்ளை. கட்சியின் மத்தியக் குழுவுக்கு வேட்பு உறுப்பினர். அதைவிடப் பெரிய விஷயம், நாட்டின் அதிபரும் கட்சியின் முதல் செயலாளருமான அன்டோனின் நோவோட்னிக்கு இவரைப் பிடிக்கும். கூப்பிட்டுப் பேசுவார், கருத்துக் கேட்பார். மற்ற எழுத்தாளர்கள் சென்சார் அலுவலகத்தின் வாசலில் தேய்ந்துகொண்டிருந்த காலத்தில் ப்ரொகாஸ்கா அதிபரின் அறைக்குள்ளேயே போய்வரக்கூடியவராக இருந்தார்.

பின்னாளில் இவரைப் பற்றி எழுதியவர்களில் சிலர் இந்தப் பக்கத்தை வேகமாகப் புரட்டிவிடுவார்கள். தியாகியின் படத்துக்கு மாலை போடும்போது பழைய போட்டோவைத் திருப்பி வைக்கிற கதைதான். எனக்கு அது சரியாகப் படவில்லை. அவருடைய நல்ல எழுத்துக்கெல்லாம் சரக்கு அங்கிருந்துதான் வந்தது. எந்தப் படி வழுக்கும், எந்தக் கதவு கிறீச்சிடும் என்பது வீட்டுக்குள் புழங்கியவனுக்குத்தானே தெரியும்?

பர்ரான்டோவில் அவருக்கு வாய்த்த கூட்டாளி இயக்குநர் காரெல் காகின்யா. அவரும் மொராவியாக்காரர், ஐந்து வயது மூத்தவர், ஆவணப்படங்களில் கை பழகியவர். 1961 தொடங்கி ஏறக்குறைய ஆண்டுக்கு ஒரு படம் என்று இருவரும் சேர்ந்து செய்தார்கள். ஆரம்பப் படங்கள் சத்தமில்லாதவை. முரட்டுக் குதிரையோடு நட்புக் கொள்ளும் பருவப் பெண், மருத்துவமனைச் சுவருக்கு அப்பால் சக்கர நாற்காலியில் இருக்கும் இளைஞனைக் கண்டுபிடிக்கும் சிறுமி, குடியிலிருந்து மீள முடியாமல் தவிக்கும் ஒருவன். டிராக்டரும் கொடியும் பாட்டும் நிறைந்திருந்த திரையில் இவை தனியாகத் தெரிந்தன.

1965-இல் போர் முடிந்து இருபதாம் ஆண்டு. விடுதலை விழாவுக்கு ஒரு பெரிய படம் வேண்டும் என்று அரசாங்கம் விரும்பியது. அந்த வேலை இவர்களிடம் வந்தது. பணத்துக்குக் குறைவில்லை. அகலத் திரை, டாங்கிகள், குதிரைகள், சேனைகள் எல்லாம் உண்டு. ‘குடியரசு வாழ்க’ என்று விழாவுக்கேற்ற பெயரும் வைத்தாயிற்று. திரையில் வந்தது வேறு. அப்பனிடம் அடி வாங்கும், ஊர்ப் பையன்களிடமும் அடி வாங்கும் ஒரு குட்டைப் பையனின் கண் வழியே 1945-இன் கடைசிப் போர் நாட்கள். ஜெர்மானியர்கள் ஓடுகிறார்கள், ரஷ்யர்கள் வருகிறார்கள், இடைப்பட்ட நேரத்தில் ஊர் என்ன செய்கிறது? கிடைத்ததைச் சுருட்டுகிறது. பையனிடம் அன்பு காட்டிய ஒரே மனிதரைத் துரோகி என்று பட்டம் கட்டித் துரத்தித் துரத்திச் சாகடிக்கிறது. கல்யாண வீட்டில் ஒப்பாரி வைத்ததுபோல் ஆயிற்று. வேறு யாராவது எழுதியிருந்தால் படம் வெளியே வந்திருக்குமா என்பது சந்தேகம்தான்.

அடுத்த ஆண்டு ‘வியன்னாவுக்கு ஒரு வண்டி’. எனக்கு இவர்களுடைய படங்களில் மிகவும் நெருக்கமானது இது. வசனம் கொஞ்சம்தான். போரின் கடைசி நாட்கள். கிறிஸ்டா என்ற கிராமத்துப் பெண்ணின் புருஷனை ஜெர்மானியர்கள் தூக்கிலிட்டுவிட்டார்கள். அவளுடைய குதிரை வண்டியில் இரண்டு ஆஸ்திரியச் சிப்பாய்கள் ஏறிக்கொள்கிறார்கள், ஒருவன் படுகாயப்பட்டவன். எல்லை தாண்டி ஊர் போய்ச் சேர வேண்டும், ஓட்டு என்கிறார்கள். அவள் ஓட்டுகிறாள். வண்டிக்கு அடியில் ஒரு கோடரி ஒளித்து வைத்திருக்கிறாள். காட்டுக்குள் போகப்போக அவர்களுடைய ஆயுதங்களை ஒவ்வொன்றாக, ஓசைப்படாமல் நழுவவிடுகிறாள்.

இளைய சிப்பாய் வாயாடி, வெகுளி. அவள் மொழி அவனுக்குப் புரியாது, அவன் மொழியில் அவள் பதில் சொல்வதில்லை. அவன் போர் முடிந்த மகிழ்ச்சியில் பேசிக்கொண்டே வருகிறான். அவள் முதுகைக் காட்டியபடி கடிவாளத்தைப் பிடித்திருக்கிறாள். யோசெஃப் இல்லிக்கின் ஒளிப்பதிவில் பனிமூட்டம், ஈர மரங்கள், பின்னணியில் யான் நோவாக் அமைத்த ஆர்கன் இசை. இவா யாஞ்சுரோவா பேசாமலே படத்தைத் தூக்கிச் சுமக்கிறார். கொல்வாளா மாட்டாளா என்று நாம் கோடரியையே பார்த்துக்கொண்டிருக்க, கடைசியில் வன்முறை வேறு பக்கத்திலிருந்து வருகிறது. வெற்றிக் களிப்பில் காட்டிலிருந்து வெளிவரும் நம்ம ஆட்கள், செக் கொரில்லாக்கள், அந்தப் பையனைக் கொல்கிறார்கள், அவளையும் சீரழிக்கிறார்கள். விடுதலைப் போராளிகளைக் கேவலப்படுத்திவிட்டார் என்று கூச்சல் எழுந்தது. எழாமல் இருந்தால்தான் ஆச்சரியம்.

1967-இல் ‘மணப்பெண்ணின் இரவு’. இந்த முறை கை வைத்தது போரில் அல்ல, தானே கொடி பிடித்த கூட்டுப்பண்ணை இயக்கத்தில். கிராமத்து நிலங்களைப் பிடுங்கிச் சேர்த்த ஐம்பதுகளின் அராஜகம், மடத்திலிருந்து வீடு திரும்பும் ஒரு கன்னியாஸ்திரி, ஒரு கிறிஸ்துமஸ் இரவு. பண்ணைப் பொறுப்பாளராக இருந்தவர் எழுதிய கதை என்பதை மறக்காமல் பார்க்க வேண்டிய படம்.

அதே ஆண்டு ஜூனில் எழுத்தாளர் சங்கத்தின் நான்காவது மாநாடு. லூட்விக் வசூலிக், மிலன் குந்தேரா, இவான் க்ளீமா ஆகியோர் மேடையேறி, அதுவரை காதோடு காதாகப் பேசியதை ஒலிபெருக்கியில் பேசிவிட்டார்கள். கட்சி கொதித்தது. நிறைவுரை ஆற்றிய ப்ரொகாஸ்கா தங்கள் பக்கம் நிற்பார் என்று மேலிடம் எதிர்பார்த்திருக்கும். அவர் எழுத்தாளர்கள் பக்கம் நின்றார். செப்டம்பரில் வசூலிக், க்ளீமா, விமர்சகர் லீம் ஆகியோர் கட்சியிலிருந்து நீக்கப்பட்டார்கள். ப்ரொகாஸ்காவின் மத்தியக் குழு இடமும் பறிபோனது. அதிபரின் செல்லப் பிள்ளை என்ற காலம் அதோடு முடிந்தது.

நான்கே மாதத்தில் அதிபரின் காலமும் முடிந்தது. 1968 ஜனவரியில் நோவோட்னியின் கட்சிப் பதவி டூப்செக்கிடம் போனது, மார்ச்சில் அதிபர் பதவியும் போனது. ‘பிராக் வசந்தம்’ என்ற அந்தச் சீர்திருத்தக் காலம் பற்றி முன்பே விரிவாக எழுதிவிட்டேன். அந்த மாதங்களில் ப்ரொகாஸ்கா கூட்டம் கூட்டமாகப் போய்ப் பேசினார், எழுத்தாளர் சங்கத்தின் துணைத் தலைவர் ஆனார், ‘எல்லோருக்கும் அரசியல்’ என்று ஒரு கட்டுரை நூலும் கொண்டுவந்தார். ஆகஸ்ட் 21-இல் சோவியத் டாங்கிகள் வந்தன.

டாங்கிகள் வந்த மறுநாளே எல்லாம் நின்றுவிடவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். ஸ்டூடியோக்கள் இன்னும் ஓராண்டுக்கு மேல் பழைய ஓட்டத்திலேயே ஓடின. 1969 ஏப்ரலில் ஹூசாக் கட்சித் தலைமைப் பொறுப்பை ஏற்ற பிறகுதான் கதவுகள் ஒவ்வொன்றாகச் சாத்தப்பட்டன. முழுதும் சாத்துவதற்குள் காகின்யாவும் ப்ரொகாஸ்காவும் ஒரு படத்தை எடுத்து முடித்தார்கள். அதுதான் ‘காது’.

ஒரே இரவில் நடக்கும் கதை. லூட்விக் ஒரு துணை அமைச்சர். மனைவி ஆன்னாவோடு அரசு விருந்து முடிந்து காரில் வீடு திரும்புகிறார். ஆன்னா நன்றாகக் குடித்திருக்கிறாள். இன்று அவர்களுடைய பத்தாவது கல்யாண நாள், புருஷனுக்கு அது நினைவில்லை. வாசல் கேட்டின் சாவியைக் காணோம். பையைக் கொட்டிக் கவிழ்த்துத் தேடுகிறார்கள். கடைசியில் பார்த்தால் கேட் பூட்டியே இல்லை. உள்ளே மின்சாரம் இல்லை. தொலைபேசி செத்துக் கிடக்கிறது. வெளியே இருட்டில் ஒரு கார் நிற்கிறது.

மெழுகுவத்தி ஏற்றியதும் லூட்விக்கின் மண்டைக்குள் விருந்து மறுபடி ஓடத் தொடங்குகிறது. தன் அமைச்சரை அன்றைக்குக் கைது செய்துவிட்டார்கள் என்பது அங்கேதான் காதில் விழுந்தது. அவரோடு சேர்ந்து செங்கல் ஆலைகள் பற்றி அறிக்கை தயாரித்தவர் இவர். யார் சிரித்தார்கள், யார் முகத்தைத் திருப்பினார்கள், கைகுலுக்கியவர் ஏன் அப்படிச் சொன்னார்? விருந்துக் காட்சிகளில் முகங்கள் நேராகக் கேமராவைப் பார்த்துப் பேசுகின்றன. வெளிச்சம் கண்ணைக் கூசவைக்கிறது. திரும்ப வீடு, திரும்ப மெழுகுவத்தி.

அறிக்கையின் நகல்கள் வீட்டில் இருக்கின்றன. லூட்விக் அவற்றை அள்ளிக்கொண்டு போய்க் கழிப்பறையில் வைத்துக் கொளுத்துகிறார். ஒரு துணை அமைச்சர், விருந்துக்குப் போட்ட சட்டையோடு, கக்கூஸ் பீங்கானுக்குள் காகிதத்தைக் கொளுத்தித் தண்ணீர் விட்டுத் தள்ளிக்கொண்டிருக்கிறார். இருக்கையும் தீப்பிடித்துக்கொள்கிறது. பின்னால் ஆன்னா நின்று நக்கலடிக்கிறாள். பயத்தில் வயிறு கலங்கியிருக்கும் நேரத்தில் நமக்கும் சிரிப்பு வந்துவிடுகிறது. இதை எழுத, அப்படிப்பட்ட விருந்துகளில் தட்டோடு நின்றிருக்க வேண்டும், அப்படிப்பட்ட கார்களில் வீடு திரும்பியிருக்க வேண்டும். வெளியே இருந்து வெறுத்தவன் எழுதியிருந்தால் அந்த அமைச்சருக்குக் கொம்பு முளைத்திருக்கும்.

‘பகலில் பக்கம் பார்த்துப் பேசு, இரவில் அதுவும் பேசாதே’ என்பார்கள் நம் ஊரில். இந்தத் தம்பதிக்கு இரவு முழுக்கப் பேச்சுத்தான். கருவிக்கு அவர்கள் வைத்திருக்கும் பெயர் காது. ‘காது’ கேட்கும் என்று சாடையில் எச்சரித்துக்கொள்கிறார்கள். அது எட்டாது என்று நம்பும் இடங்களாகப் பார்த்துப் போய்ச் சண்டை போடுகிறார்கள். சண்டை கசப்பானது, பத்து வருஷத்து அழுக்கு மொத்தமும் வெளியே வருகிறது. ஆன்னாவாக நடித்த யிர்ஷினா பொஹ்தாலோவா அதுவரை நகைச்சுவைக்குப் பேர்போனவர். லூட்விக்காக நடித்த ராடோஸ்லாவ் ப்ர்சோபொஹாட்டி நிஜ வாழ்க்கையிலும் அவருடைய இணை. சண்டைக் காட்சிகளில் இருக்கும் பழக்கதோஷம் நடிப்பு மட்டும் இல்லையோ என்று தோன்றும்.

நடுவில் வாசல் மணி அடிக்கிறது. கூட்டிப்போக வந்துவிட்டார்கள் என்று லூட்விக் முடிவே கட்டிவிடுகிறார். வந்தவர்கள் குடித்துவிட்டுக் கும்மாளம் போடும் ‘தோழர்கள்’. உள்ளே நுழைந்து இன்னும் குடிக்கிறார்கள், தின்கிறார்கள், தோளில் தட்டுகிறார்கள், போகிறார்கள். போன பிறகுதான் காது கண்ணில் படுகிறது. ஒன்று கிடைத்ததும் தேடத் தொடங்கினால் வீடெங்கும் காது. கடைசியில் தன்னைத் தானே முடித்துக்கொள்ளலாம் என்று நினைத்தால் துப்பாக்கியையும் காணோம். சாவதற்கும் மேலிடத்து அனுமதி வேண்டும் போலிருக்கிறது. விடியும் நேரத்தில் தொலைபேசி உயிர் பெற்று ஒலிக்கிறது. லூட்விக்கை அமைச்சராக்கிவிட்டார்கள். ஆன்னாவுக்கு அந்த நிமிஷத்தில்தான் உண்மையான பயம் வருகிறது.

படம் 1970-இல் முடிந்தது. யாருக்கும் காட்டப்படாமல் பெட்டகத்துக்குப் போனது. இப்படிப் போன படங்களுக்குச் செக் மக்கள் ‘பெட்டகப் படங்கள்’ என்றே பேர் வைத்துவிட்டார்கள். பர்ரான்டோவின் படைப்புக் குழுக்கள் கலைக்கப்பட்டன. ப்ரொகாஸ்காவுக்கு வேலை போயிற்று, புத்தகங்கள் நூலகங்களிலிருந்து இறங்கின. அந்த நேரத்தில்தான் நாம் ஆரம்பத்தில் பார்த்த ஒளிபரப்பு.

அது என்ன விளைவை உண்டாக்கியது என்பதைப் பிற்பாடு குந்தேரா எழுதியிருக்கிறார். முதலில் ஜனங்கள் உண்மையாகவே முகம் சுளித்தார்களாம். நாம் மதித்த ஆள் நண்பர்களைப் பற்றி இப்படியா பேசுவார் என்று. அசிங்கம் பேச்சில் இல்லை, வீட்டுப் பேச்சைத் தெருவில் கொண்டுவந்து கொட்டியதில் இருக்கிறது என்பது பிறகுதான் மெள்ள மெள்ள உறைத்ததாம். பொய் சாட்சி தயாரிக்க வேண்டிய அவசியமே போலீசுக்கு இருக்கவில்லை. ப்ரொகாஸ்கா பேசியதையே எடுத்து ப்ரொகாஸ்காவை அடித்தார்கள். ஐம்பதுகளின் வழக்குகளில் மனப்பாடம் செய்த வாக்குமூலத்தை நீதிமன்றத்தில் ஒப்பிக்க வைத்தவர்கள், எழுபதில் அந்தச் சிரமமும் வைத்துக்கொள்ளவில்லை.

ஒளிபரப்புக்குப் பிறகு அவர் பத்து மாதம் இருந்தார். புற்றுநோய். எழுதுவதை மட்டும் நிறுத்தவில்லை. பெயர் போட முடியாது என்பதால் நண்பர்கள் தங்கள் பெயரைக் கொடுத்தார்கள். ஆஸ்திரேலிய எழுத்தாளர் ஆலன் மார்ஷலின் சுயசரிதையைத் தழுவி, போலியோ தாக்கிய ஒரு பையன் குதிரையேறக் கற்றுக்கொள்ளும் கதையைக் காகின்யா படமாக்கினார். ‘மறுபடி நான் குட்டைகளைத் தாண்டுகிறேன்’ என்பது அதன் பெயர். டைட்டில் கார்டில் ஓட்டா ஹோஃப்மன் இருந்தார், ப்ரொகாஸ்கா இல்லை. குடும்பம் குடும்பமாகப் போய்ப் பார்த்த படம் அது.

1971 பிப்ரவரி 20 அன்று பிராகில் ப்ரொகாஸ்கா இறந்தார். நாற்பத்திரண்டு வயது நிறைந்து பதினாறு நாள்.

காகின்யா நாட்டிலேயே இருந்து தொடர்ந்து படம் எடுத்தார், நல்ல படங்களும் எடுத்தார். ஆனால் கோடரியை வண்டிக்கு அடியில் வைக்கிற எழுத்தாளர் அவருக்கு அப்புறம் கிடைக்கவில்லை. ப்ரொகாஸ்காவின் பெண்கள் லென்காவும் இவாவும் எழுத்தாளர்கள் ஆனார்கள், அப்பாவின் பெயரோடு அது சுலபமாக இல்லை. இருவரும் துப்புரவு வேலை செய்து வயிற்றைக் கழுவிய காலம் உண்டு. லென்கா மனித உரிமை கோரிய ‘சாசனம் 77’-இல் கையெழுத்திட்டார். இவா 1983-இல் குடும்பத்தோடு நாட்டைவிட்டு வெளியேறி, ஆட்சி மாறிய பின் திரும்பினார்.

‘காது’ பெட்டகத்திலிருந்து எழுந்து வர இருபது ஆண்டுகள் ஆயின. 1990 மே மாதம் கான் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவில் அதைத் திரையிட்டார்கள். காகின்யாவுக்கு அப்போது அறுபத்தாறு வயது. திரையில் ஓடிய ஆன்னாவுக்கும் லூட்விக்குக்கும் ஒரு நாள்கூட வயது ஏறியிருக்கவில்லை. நிஜத்தில் அந்த நடிகர்கள் கல்யாணம் செய்துகொண்டு, விவாகரத்தும் ஆகி, ஆளுக்கொரு பக்கம் போய்ப் பல வருஷம் ஆகியிருந்தது.

அடுத்த அத்தியாயத்தில், அதே பர்ரான்டோவில் ஆடை வடிவமைப்பாளராக நுழைந்து கதை எழுதத் தொடங்கி, அதே கதவால் வெளியே தள்ளப்பட்ட எஸ்டர் க்ரும்பகோவா.

(தொடரும்)